காலத்துக்கு யார் முதலாளி?

ஞாயிற்றுக்கிழமை காலையில் தெருவில் ஈ காக்கா இல்லாமல் கிடந்த நாட்கள் உங்களுக்கு ஞாபகம் இருக்கும். 1988 அக்டோபரில் ஆரம்பித்து 1990 வரை, தூர்தர்ஷனில் மகாபாரதம். இந்தியில் ஒரு வார்த்தை புரியாது. ஆனாலும் பக்கத்து வீட்டு, எதிர் வீட்டு ஜனம் எல்லாம் டி.வி. இருக்கிற வீட்டில் ஆஜர். ஆரம்பத்தில் ஒரு சக்கரம் சுற்றும், ஒரு கனத்த குரல் பேசும். ‘யாருடா இது, ஆளையே காட்ட மாட்டேங்கறான்?’ என்று எங்கள் பாட்டி கேட்டுக்கொண்டே இருந்தாள். அந்தக் குரல் ‘காலம்’. காலமே கதை சொல்வதாக ஏற்பாடு. பேசியவர் ஹரீஷ் பிமானி. தொண்ணூற்றுநாலு எபிசோடு வந்துவிட்டு, கடைசி வரை முகம் காட்டாமலே போய்விட்டார்!

பாட்டியின் கேள்வியை இத்தனை வருஷம் கழித்து மறுபடி என்னிடம் கேட்டவன் என் அக்கா பையன். பத்தாம் வகுப்பு. பையன் ரகசியமாக ஒரு நாவல் எழுதுகிறான். (கணக்கு நோட்டின் பின்பக்கத்தில். அக்காவுக்குத் தெரியாது. நீங்களும் சொல்லிவிடாதீர்கள்.) அவனே உண்டாக்கிய ஓர் உலகம். அதில் ஏழு நாடுகள், இரண்டு சூரியன். எல்லாவற்றுக்கும் மேலே ஒரு மலையில் உட்கார்ந்துகொண்டு காலத்தைக் களிமண் மாதிரி பிசைகிற ஒரு ஆசாமி. யாருக்காவது ஆயுளை நீட்ட வேண்டும் என்றால் இழுத்து விடுவார். கோபம் வந்தால் கிள்ளி எறிவார்.

“மாமா, இவருக்கு நல்ல பேரா ஒண்ணு சொல்லுங்க. நம்ம ஊர்ல இந்த மாதிரி யாராவது இருக்காங்களா?”

இருக்காங்களாவா! ‘24’ படத்தில் சூர்யா கையில் கட்டிய வாட்சையும், டாக்டர் ஸ்ட்ரேஞ்ச் கழுத்தில் தொங்கிய கல்லையும் பார்த்து வளர்ந்த பிள்ளை. நம்மிடம் இல்லாததா என்று எனக்கு ரோஷம் வந்துவிட்டது. காலன் என்றாலே எமன்தானே? பதினாறு வயசு மார்க்கண்டேயனுக்குக் கயிறு வீசப் போய், சிவனிடம் இடது காலால் உதை வாங்கினாரே! இன்றைக்கும் திருக்கடையூரில் அறுபதாம் கல்யாணம், எண்பதாம் கல்யாணம் என்று தம்பதிகள் மாலையும் கழுத்துமாக நிற்பது அந்த உதையை நம்பித்தான்.

பையன் உதட்டைப் பிதுக்கினான். “எமன் காலத்தை முடிக்கிறவர் மாமா. செய்யறவர் யாரு?”

கிளம்பினோம் செஞ்சிக்கு.

ஏன் செஞ்சி? 2025 ஜூலையில் மராட்டியர் கோட்டைகள் பன்னிரண்டை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், ஒன்றே ஒன்று நம் செஞ்சி. பையனுக்குக் கோட்டை பார்க்க ஆசை. எனக்கோ அங்கே வேறு ஒரு காரியம் பாக்கி. செஞ்சியைச் சுற்றி நாலு பாறைக்கு ஒரு பாறையில் யாராவது காலத்தைப் பற்றி எதையாவது செதுக்கி வைத்திருக்கிறார்கள். அதை அவனுக்குக் காட்டலாமே.

கிளம்பும்போது அக்கா வாசலில் நின்று சொன்னாள். “இன்னிக்கு ஞாயிறு. சாயங்காலம் நாலரை டு ஆறு ராகு காலம். திரும்பி வரும்போது அந்த நேரத்துல கிளம்பித் தொலைக்காதே.”

பார்த்தீர்களா? தினமும் ஒன்றரை மணி நேரத்தை ஒரு பாம்புக் கிரகத்துக்கு எழுதிக் கொடுத்திருக்கிறோம். காலத்துக்கு முதலாளி இருக்கிறார் என்பதில் நமக்கு எவ்வளவு நம்பிக்கை!

கோட்டையைப் பற்றி இங்கே விஸ்தரிக்கப் போவதில்லை. ராஜகிரி ஏறினோம், மூச்சு வாங்கினோம், இறங்கினோம். ஒரு தகவல் மட்டும். அந்தக் குண்டுப் பாறைகளுக்கு வயசு சுமார் 250 கோடி வருஷம் என்பது புவியியல்காரர்கள் கணக்கு. பிரம்மாவுக்கு ஒரு பகல் 432 கோடி வருஷம் என்பது புராணக் கணக்கு. அதாவது பிரம்மாவின் கடியாரத்தில் இந்தப் பாறைக்கு இன்னும் ஒரு பகல்கூட ஆகவில்லை. இதைச் சொன்னதும் பையன், “அப்ப அவருக்கு லன்ச் டைம் தாண்டியிருக்கும்” என்றான்.

செஞ்சிக்கு வடக்கே சிங்கவரம். பாறையைக் குடைந்து செய்த கோயில். பல்லவர் வேலை. உள்ளே ரங்கநாதர் ஆதிசேஷன் மேல் படுத்திருக்கிறார், 24 அடி நீளம் என்பார்கள். ஒரே பாறை.

அந்தப் பாம்பைப் பையனுக்குக் காட்டினேன். அனந்தன் என்றால் முடிவில்லாதவன். சேஷன் என்றால் மிச்சம். பிரளயத்தில் எல்லாம் கரைந்த பிறகும் மிஞ்சுகிறது எதுவோ, அது. முடிவில்லாத மிச்சத்தின் மேல் ஒருவர் படுத்துத் தூங்குகிறார், அவர் தொப்புளிலிருந்து பிரம்மா, பிரம்மாவின் பகலிலும் இரவிலும் நம்முடைய யுகங்கள். எந்தப் பூஜையிலும் ஐயர் சங்கல்பத்தில் கடகடவென்று சொல்வது இந்த விலாசத்தைத்தான். பிரம்மாவின் ஆயுளில் இரண்டாம் பாதி, சுவேதவராக கல்பம், வைவஸ்வத மன்வந்தரம், இருபத்தெட்டாவது சதுர்யுகத்துக் கலியுகம்... தபால்காரருக்குக் கதவு எண் சொல்வதுபோல, சுவாமிக்கு நாம் எந்தக் காலத்திலிருந்து பேசுகிறோம் என்று சொல்லிவிட்டுத்தான் கோரிக்கையே வைக்கிறோம். கலியுகம் மொத்தம் 4,32,000 வருஷம், ஐயாயிரத்துச் சொச்சம்தான் கழிந்திருக்கிறது. ஆகவே அவசரமில்லை.

இந்த ரங்கநாதருக்கு ஒரு விசேஷம். முகம் ஒருபக்கமாகத் திரும்பியிருக்கிறது. ஊரில் அதற்குக் கதை உண்டு. ராஜா தேசிங்கு ஆற்காட்டு நவாப் சாதத்துல்லாகானோடு சண்டைக்குக் கிளம்புகிறான். இருபத்திரண்டு வயசு. பட்டத்துக்கு வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. சுவாமியிடம் உத்தரவு கேட்க வருகிறான். ‘வேண்டாம்ப்பா, போகாதே’ என்கிறார் சுவாமி. கேட்கிற வயசா? குதிரை ஏறிவிட்டான். ரங்கநாதர் பார்க்கப் பொறுக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். 1714 அக்டோபர் 3. சண்டையில் தேசிங்கு இறந்தான். தோழன் மொகபத்கான் கல்யாணப் பேச்சை நிறுத்திவிட்டு வந்து உயிரைக் கொடுத்தான்.

“சுவாமிக்குத்தான் முன்னாடியே தெரியுமே. அவன் ஆயுளைக் கொஞ்சம் இழுத்து விட்டிருக்கலாமே?” என்றான் பையன்.

நியாயமான கேள்வி. எனக்குப் பதில் தெரியவில்லை. ஆனால் அந்தத் திரும்பிய முகத்தை எனக்கு ரொம்பப் பிடிக்கும். காலத்துக்கு ஒரு முதலாளி இருந்தால், அவருக்கு வருத்தமும் இருக்க வேண்டும் இல்லையா? நம்மிடம் கோபித்துக்கொள்ள, நாம் போய்க் கெஞ்ச, ஒரு ஆள். நோட்டில் பையன் எதையோ குறித்துக்கொண்டான்.

திரும்பும் வழியில் திருநாதர்குன்று. இங்கே எங்களுக்காக ஒருவர் காத்திருந்தார். எனக்குத் தெரிந்த வாத்தியார், ரிடையர் ஆனவர். இந்தப் பக்கத்துத் தமிழ்ச் சமணர். அவர்களை நயினார் என்பார்கள். செஞ்சி, திண்டிவனம், வந்தவாசி வட்டாரத்தில் இன்றும் பல ஊர்களில் நயினார் வீடுகள் இருக்கின்றன. மேல்சித்தாமூரில் அவர்களுடைய மடம் இருக்கிறது. தாய்மொழி தமிழ். நெல்லும் வேர்க்கடலையும் பயிரிடுகிற மனிதர்கள். வடநாட்டிலிருந்து வந்தவர்கள் என்று யாராவது சொன்னால் வாத்தியாருக்கு முகம் சுண்டிவிடும்.

குன்றின் மேல் ஒரு பெரிய பாறையில் இருபத்துநாலு தீர்த்தங்கரர்கள், இரண்டு வரிசையாக, வரிசைக்குப் பன்னிரண்டு. அத்தனை பேரும் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். யாரும் யாருக்கும் எதுவும் கொடுக்கிற பாவனையில் இல்லை.

இன்னொரு பக்கம் ஒரு கல்வெட்டு. 57 நாள் உண்ணாமல் நோன்பிருந்த சந்திரநந்தி ஆசிரியரின் நிசீதிகை, அதாவது அவர் உயிர் விட்ட இடம் என்று சொல்கிறது. ஆறாம் நூற்றாண்டை ஒட்டியது. (தமிழ் எழுத்து ஆராய்ச்சிக்காரர்களுக்கு இது பொக்கிஷம். ‘ஐ’ என்ற எழுத்து கல்லில் தென்படுகிற மிகப் பழைய சான்றுகளில் ஒன்று, ‘ஐம்பத்தேழு’ என்பதன் ‘ஐ’!) இன்னொரு கல்வெட்டில் இளைய படாரர் என்பவருக்கு 30 நாள் கணக்கு.

பையன் விரலால் அந்த எழுத்தைத் தடவிப் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டான். “ஐம்பத்தேழு நாளும் யார் சார் எண்ணினாங்க?”

வாத்தியார் உடனே பதில் சொல்லவில்லை. “தொண்டூர் போயி பேசலாம் தம்பி” என்றார்.

தொண்டூர் சின்ன ஊர். வயல், ஏரி, நடுவே குண்டுப் பாறைகள். கோட்டைக்கு வருகிற டூரிஸ்ட் பஸ் எதுவும் இந்தப் பக்கம் திரும்புவதில்லை. பாறைக்கு அடியில் குகை, அதன் தரையில் மழமழவென்று செதுக்கிய கல் படுக்கை. பக்கத்தில் பழைய தமிழ் பிராமி எழுத்து. இளங்காயிபன் என்பவர் ஏவ, அகலூரைச் சேர்ந்த மோசி என்பவர் இந்த இருப்பிடத்தை அறமாகச் செய்து கொடுத்தார் என்று செய்தி. ஐராவதம் மகாதேவன் இதைக் கிட்டத்தட்ட மூன்றாம் நூற்றாண்டு என்று கணித்திருக்கிறார். தேசிங்குக்கு ஆயிரத்து நானூறு வருஷம் முந்தி!

அகலூர் என்ற ஊர் இன்றும் அதே பெயரில் இந்த வட்டாரத்தில் இருக்கிறது. அங்கே இன்றும் சமணர்கள் இருக்கிறார்கள், கோயில் இருக்கிறது. ராஜ்யம் எத்தனை மாறிவிட்டது! பல்லவர், சோழர், நாயக்கர், பீஜப்பூர், மராட்டியர், மொகலாயர், பிரெஞ்சு, இங்கிலீஷ். அகலூர் மட்டும் அகலூராகவே இருக்கிறது.

கவனித்தீர்களா, சிங்கவரத்தில் பார்த்ததும் படுக்கை, இங்கே பார்ப்பதும் படுக்கை. இரண்டுக்கும் தமிழில் ஒரே சொல், பள்ளி. அவர் பாம்பின் மேல் பள்ளிகொண்டவர். இவர்கள் வெறுங்கல்லில் பள்ளி வைத்திருந்தவர்கள். (இப்படிக் கல் படுக்கை கண்ட இடமெல்லாம் நம் ஜனங்கள் பஞ்சபாண்டவர் படுக்கை என்று சொல்லிவிடுவார்கள். தமிழ்நாட்டில் பாண்டவர்கள் படுக்காத மலை கிடையாது. வனவாசம் முழுக்கத் தூங்கியே கழித்திருக்கிறார்கள் போல!)

பையன் படுக்கையில் உட்கார்ந்துகொண்டு, தன் நாவலை வாத்தியாரிடம் அவிழ்த்துவிட்டான். மலை மேல் ஆசாமி, களிமண், எல்லாம். “உங்க மதத்துல காலத்தைச் செய்யறவர் யாரு சார்?”

“யாருமில்லை.”

“அப்ப காலம் எப்படி ஓடுது?”

வாத்தியாருக்கு உற்சாகம் வந்துவிட்டது. வகுப்பே எடுத்துவிட்டார். சமணத்தில் காலம் ஒரு சக்கரம். பாதிச் சுற்று ஏறும், பாதி இறங்கும். இறங்குகிற பாதிக்கு ஆறு பிரிவு. நாம் இருப்பது ஐந்தாவது. மகாவீரர் முக்தி அடைந்து மூன்று வருஷம் எட்டரை மாதத்தில் ஆரம்பித்தது, மொத்தம் 21,000 வருஷம். இன்னும் பதினெட்டாயிரத்துச் சொச்சம் பாக்கி. அதற்கடுத்த ஆறாவது இன்னும் மோசம். மனுஷன் முழ உயரத்துக்குக் குறுகிப் போவான், ஆயுள் இருபது தாண்டாது. அப்புறம் சக்கரம் மறுபடி ஏறும். இதற்கெல்லாம் ஒரு சாமியும் உத்தரவு போடுவதில்லை. பெரிய கணக்குக்கு ஒரு குழி உதாரணம் வைத்திருக்கிறார்கள். ஒரு யோசனை அகலம், ஒரு யோசனை ஆழத்துக்குக் குழி வெட்டி, அதில் பிறந்த ஆட்டுக்குட்டியின் மெல்லிய மயிரைத் துண்டு துண்டாக்கித் திணித்து, நூறு வருஷத்துக்கு ஒரு துண்டு வீதம் எடுத்தால், குழி காலியாக எவ்வளவு நாளாகுமோ, அது ஒரு பல்லியம். அதைக் கோடி கோடியாகப் பெருக்கினால்தான் ஒரு யுகம்.

“அந்தக் குழியிலேர்ந்து எடுக்கிறது யாரு?” பையன் விடுவதாக இல்லை.

வாத்தியார் சிரித்துவிட்டார். “உனக்கு எல்லாத்துக்கும் ஒரு ஆள் வேணும். குயவர் சக்கரம் பார்த்திருக்கியா?”

“யூடியூப்ல.”

“சக்கரத்துக்கு அடியிலே ஒரு கல் இருக்கும். அது மேலதான் சக்கரம் நிக்கும். சக்கரத்தைச் சுத்தறது குயவர் கை. பானை ஆகறது களிமண். கல்லு ஒண்ணும் செய்யறதில்லை. ஆனா கல்லு இல்லைன்னா சக்கரம் சுத்தாது. காலம் அந்தக் கல்லு மாதிரின்னு எங்க பெரியவங்க எழுதி வெச்சிருக்காங்க. அது எதையும் மாத்தாது. மாறுகிற பொருள் மாறிக்கறதுக்கு இடம் கொடுக்கும், அவ்வளவுதான்.”

பையன் நோட்டைப் பார்த்தான். களிமண் பிசைகிற அவன் ஆசாமிக்கு இங்கே வேலையே இல்லை!

சற்று நேரம் யாரும் பேசவில்லை. வெளியே யாரோ ஆட்டை அதட்டும் சத்தம். அப்புறம் வாத்தியாரே ஆரம்பித்தார்.

“ஐம்பத்தேழு நாள் யார் எண்ணினாங்கன்னு கேட்டியே. எங்க அம்மாவுக்கு எண்பத்தெட்டு. ஆஸ்பத்திரியிலே இனிமே ஒண்ணுமில்லைன்னு அனுப்பிட்டாங்க. வீட்டுக்கு வந்து மூணாம் நாள், ‘நான் விரதம் எடுத்துக்கறேன்’னாங்க. சல்லேகனை. கொஞ்சம் கொஞ்சமா ஆகாரத்தை விட்டு, கடைசியிலே தண்ணியையும் விடறது. நான் ரெண்டு நாள் பதில் சொல்லலை. பெத்த பிள்ளை எப்படிச் சொல்லுவேன்? பெரியவர் ஒருத்தரைக் கூட்டிக்கிட்டு வந்தேன். அவர் அனுமதி இல்லாம யாரும் எடுக்கக்கூடாது.”

பெரியவர் இரண்டு கேள்விதான் கேட்டாராம். ‘சீக்கிரம் போயிடணும்னு ஆசைப்படறியாம்மா?’ ‘இல்லை.’ ‘இன்னும் கொஞ்ச நாள் இருக்கணும்னு ஆசை இருக்கா?’

“அம்மாவும் இல்லைன்னுதான் சொல்ல வந்தாங்க. அப்ப என் பேத்தி, நாலு வயசு, ரிப்பனை எடுத்துக்கிட்டு வந்து கட்டில்கிட்ட நின்னா. அம்மா அவளைப் பார்த்தாங்க. பார்த்துக்கிட்டே இருந்தாங்க. பதில் வரலை. பெரியவர் எழுந்துட்டார். ‘இப்ப வேண்டாம், கஞ்சி கொடுங்க’ன்னுட்டார்.”

சமண நூல்களில் இந்த விரதத்துக்குச் சொல்லும் குற்றங்கள் ஐந்து. அதில் வாழ ஆசைப்படுவதும் ஒன்று, சாக ஆசைப்படுவதும் ஒன்று. காலத்தை நீட்டச் சொல்லியும் கேட்கக்கூடாது, குறைக்கச் சொல்லியும் கேட்கக்கூடாது. கேட்பதற்குத்தான் ஆள் இல்லையே! 2015 ஆகஸ்டில் ராஜஸ்தான் உயர் நீதிமன்றம் இது தற்கொலைக்குச் சமம், சட்டவிரோதம் என்றது. அதே மாதக் கடைசியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்புக்குத் தடை போட்டது. எனக்கும் இதில் முழுச் சம்மதம் என்று சொல்ல மாட்டேன். வயசானவர்களை வீட்டார் நெருக்கினால் என்ன செய்வது என்ற பயம் நியாயமானதுதான். ஆனால் அந்த இரண்டாவது கேள்வியைக் கேட்கத் தெரிந்தவர்களை அவ்வளவு லேசாகச் சந்தேகப்படவும் மனசு வரவில்லை.

“அப்புறம்?” என்றான் பையன்.

“அப்புறம் ரெண்டு மாசத்துக்கு மேல இருந்தாங்க. கஞ்சி குடிச்சுக்கிட்டு, அவளுக்குப் பின்னல் போட்டுக்கிட்டு. ஒருநாள் விடியக்காலம் தூக்கத்துலயே போயிட்டாங்க.”

“சரியா எத்தனை நாள் சார்?”

“எண்ணலை தம்பி. எண்ணினா இன்னும் ரெண்டு வேணும்னு தோணும்.”

“அந்த ரெண்டு மாசத்தைக் கொடுத்தது யாரு?”

வாத்தியார் கல் படுக்கையை உள்ளங்கையால் துடைத்தார். “யாரும் கொடுக்கலை. பின்னல் போட்டது அம்மா. தலையைக் காட்டிக்கிட்டு உட்கார்ந்தது பேத்தி.”

அதற்கு மேல் பையன் கேட்கவில்லை. எனக்குத்தான் சிங்கவரத்துத் திரும்பிய முகம் ஒருமுறை மனசில் வந்து போனது. யாராவது ஒருத்தர் இருந்தால் தேவலை என்றே இன்னும் நினைக்கிறேன்.

வாத்தியார் மேற்கே பார்த்தார். “கிளம்புங்க, கிளம்புங்க. பொழுது சாயறதுக்குள்ளே சாப்பிட்டாகணும்.” நயினார் வீடுகளில் சூரியன் மறைந்த பிறகு சாப்பிடுவதில்லை. விளக்கு வெளிச்சத்தில் பூச்சி பொட்டு உணவில் விழுந்து செத்தால் பாவம் என்பதற்காக ஏற்பட்ட வழக்கம்.

அவர் வீட்டுத் தாழ்வாரத்தில் ஐந்தேகாலுக்குச் சோறு. கத்தரிக்காய்க் குழம்பு, பருப்பு, மோர். வெங்காயம், பூண்டு, உருளைக்கிழங்கு எதுவும் கிடையாது. ஆனாலும் நான் மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டேன். ரெட்டைப் பின்னலோடு ஒரு சிறுமி, தூணைப் பிடித்துக்கொண்டு பையனின் நோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு பின்னல் மேலே, ஒன்று கீழே. இப்போது தாத்தா போடுகிற பின்னலாம்.

“பேர் கிடைச்சுதாடா உன் ஆளுக்கு?” என்று பையனைக் கேட்டேன்.

“ஆளை எடுத்துட்டேன் மாமா. மலை மேல இப்ப ஒரு கல்லுதான் இருக்கு. ஏழு நாட்டு ராஜாவும் படை எடுத்துக்கிட்டு அதைப் பிடிக்க வர்றாங்க.”

“வந்து?”

“அதான் தெரியலை.”

பஸ் ஐந்தே முக்காலுக்கு. அதை விட்டால் அடுத்தது எப்போது என்று வாத்தியாருக்கே நிச்சயமில்லை. ஏறி உட்கார்ந்தோம், பஸ் நகர்ந்தது, பையன் செல்போன் அடித்தது. அக்கா!

“எங்கேடா இருக்கீங்க? எத்தனை மணிக்குக் கிளம்பினீங்க?”

பையன் என்னைப் பார்த்தான். நான் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

“நாலேகாலுக்கேம்மா” என்றான்.

காலத்தை ஒன்றரை மணி நேரம் வளைத்துவிட்டான், பயல்!